தங்கேஸ் கேட்ட வரம்

மண்டூர்ச் சுடலையில் தன் உடலையே பார்த்துக்கொண்டு நின்றாள் தங்கேஸ். அவளிடம் எமன் சொன்னான்.

"மகன் இன்னும் கொள்ளி வைக்கல்ல, புள்ள. அதுக்குள்ள ஒரு வரம் கேளு. உயிரைக் கேட்டாலும் தருவன்."

"உயிர் என்னத்துக்கு, ஐயா? என்ட மனிசனை வெள்ளை வான் வண்டியில கடத்திட்டுப் போன நாளிலிருந்து முகாம் முகாமாத் தேடிக் களைச்சிட்டன். பொட்டை அழிக்காம இருந்தது வெறும் புடிவாதம். அவர் எப்பவோ உங்கட உலகத்துக்கு வந்திருப்பார். அவரிட்டக் கூட்டிப் போங்க, அது போதும்."

எமன் எருமையைத் திருப்பினான். சுடலையோரத்து வாவியின் நடுவில் போகும்போதுதான் கணவனின் பெயரைக் கேட்டான்.

"சாமித்தம்பி."

எருமை நின்றது.

"அவர் இன்னும் எங்கிட்ட வரல்லியே, புள்ள. உயிரோடதான் எங்கயோ இருக்கார்."

தங்கேஸ் பதறிக் கரையைப் பார்த்தாள்.

மகன் கொள்ளி வைத்துவிட்டு, வழக்கப்படி திரும்பிப் பார்க்காமல் நடந்துகொண்டிருந்தான்.