நாற்பத்தொன்றாம் நாள்

அறுபத்தைந்தாம் வருஷம் செஞ்சியில் கண்டார் சபை என்று ஒன்று இருந்தது. நாற்பது நாள் விடாமல் கனவில் கண்டது நாற்பத்தொன்றாம் நாள் வீட்டுக்கே வந்துவிடும் என்பது அவர்கள் கொள்கை. சைக்கிள் கடை ரியாசுதீன்தான் தலைவர். மனைவி ராயம்மாள் செத்த மாதமே அமிர்தசாமி அதில் சேர்ந்தார்.

தினமும் கனவில் ராயம்மாள் அடுப்பு ஊதிக்கொண்டிருந்தாள். முப்பதாம் நாள் ரியாசுதீன் கேட்டார்.

“மூஞ்சியப் பார்த்தியா?”

“இல்ல பாய். முதுகும் கொண்டையும்தான் தெரியுது. உசுரோட இருக்கசொல்லவும் அப்படித்தான், எப்பவும் அடுப்பாண்ட குந்திகினு இருப்பா.”

வீடு திரும்பும் வழியில் அவள் முகத்தை நினைத்துப் பார்த்தார். வரவில்லை. வீட்டில் போட்டோவும் கிடையாது.

நாற்பத்தொன்றாம் நாள் காலை, கோட்டை மதில்மேல் வெயில் ஏறும்போது கேழ்வரகுக் கூழ் கொதிக்கும் வாசனை வந்தது. அடுப்பு முன்னால் ராயம்மாள் உட்கார்ந்திருந்தாள்.

“ராயம்மா, கொஞ்சம் இந்தப் பக்கம் திரும்பேன்” என்றார். முப்பது வருஷத்தில் அவர் அப்படிக் கேட்டது அதுதான் முதல் தடவை.

அவள் உடனே திரும்பினாள். அந்தப் பக்கமும் கொண்டைதான் இருந்தது.