வாசலைத் தாண்டாத டிஸ்க்

"தர மாட்டேன்," என்றார் முருகானந்தம்.

வாசலில் நின்ற ஜோதிக்கு முகம் சுண்டிப்போனது. பக்கத்து வீட்டுக்குக் குடிவந்து மூன்று மாதம்தான் ஆகிறது. அவள் கையைப் பிடித்தபடி எட்டு வயது மகள் கனிஷ்கா.

"ரெண்டே நாளு சார். நான் வேலை பாக்கற ஜவுளிக்கடையில பில் போடற தம்பி பென் டிரைவ்ல ஏத்தித் தரேன்னுச்சு. உங்க வீட்டுக் கார்ட்டூன் சத்தம் சுவர் வழியா கேட்டதுலேருந்து இவ என்னைப் பிடுங்கி எடுக்கறா. இப்ப எந்த ஆப்லயும் அது இல்லியாமே?"

"இருக்காதுங்க. அதனாலதான் ப்ளூ ரே டிஸ்க்காவே வாங்கி வெச்சிருக்கேன். மொத்தம் அறுபத்தஞ்சு எபிசோடு. நாப்பத்தாறு வயசுல பொம்மைப் படமான்னு ஃபேக்டரியே சிரிக்குது. சிரிச்சுட்டுப் போகட்டும். என் டிஸ்க் என் வாசலைத் தாண்டாது."

சமையலறையிலிருந்து மனைவி அகிலா ஓடிவந்தாள். "ஏங்க, சின்னப் புள்ளைங்க..."

"யாரா இருந்தா என்ன? பாக்கணும்னா இங்க வந்து உக்காந்து பாக்கட்டும். வேலை முடிஞ்சு அஞ்சு மணிக்கு வந்துடுவேன். ஒரு நாளைக்கு ஒரு எபிசோடுதான்."

ஜோதி நிமிர்ந்தாள். "அடுத்தவங்க வீட்ல போய் உக்கார்ற பழக்கம் எங்களுக்கு இல்லைங்க. யாருக்கும் பாரமா இருக்கக் கூடாதுன்னுதான் இந்த அக்கா கூப்பிட்டப்பகூட இவளை அனுப்பல."

"அப்ப வேணாம்."

கனிஷ்காவின் உதடு பிதுங்கியது. அடுத்த நொடி அவள் போட்ட சத்தம் மாடிப்படி முழுக்கக் கேட்டது. மேல் வீட்டு ரஷீதா எட்டிப் பார்த்து, "ஒரு டிஸ்க்குக்கா இந்தப் பாடு?" என்று தலையில் அடித்துக்கொண்டாள். முருகானந்தம் கல்லுப்பிள்ளையார் மாதிரி நின்றார்.

கடைசியில் ஜோதிதான் விட்டுக்கொடுத்தாள்.

"சரி, நாளைலேருந்து வருவா. உங்க பொக்கிஷத்தைப் பத்திரமா வெச்சுக்குங்க!"

மகளை இழுத்துக்கொண்டு போய்க் கதவைப் படாரென்று சாத்தினாள்.

அகிலா பொரிந்து தள்ளினாள். "மனுஷனா நீங்க? ஒரு குழந்தையை அழவெச்சு அப்படியென்ன கஞ்சத்தனம்? இனிமே அந்தப் பொண்ணு மூஞ்சில நான் எப்படி முழிப்பேன்?"

"கஞ்சன்னே சொல்லிக்க. நாளைலேருந்து சாயங்காலம் ரெண்டு தோசை கூடச் சுடு."

"எதுக்கு?"

முருகானந்தம் டிஸ்க் பெட்டியை அலமாரியில் வைத்துப் பூட்டினார்.

"மூணு மாசமா நீ கெஞ்சிக் கூப்பிட்டும் அவங்க அனுப்பல. அம்மா எட்டு மணிக்கு வர்ற வரைக்கும் அந்தப் புள்ள தாழ்ப்பாளைப் போட்டுக்கிட்டு, ஜன்னல் கம்பியைப் பிடிச்சுக்கிட்டே நிக்குது. டிஸ்க்கைத் தூக்கிக் குடுத்திருந்தா, அதையும் தனியாத்தானே உக்காந்து பாத்துக்கிட்டிருக்கும்?"