குரல் சோதனை

"இது உங்க குரல் இல்லேன்னா, இதையே ஒரு தடவை பாடிக் காட்டுங்கம்மா. ரெண்டையும் வச்சுப் பாத்துடலாம்."

கலாசார இலாகா அதிகாரி ரவூஃபி கைபேசியை மேசைமேல் வைத்தார். பக்கத்தில் பாடகி கீத்தியின் பாஸ்போர்ட் கிடந்தது. நாளைக் காலை வியன்னாவுக்கு விமானம். மறுநாள் உலக இசை விழாவில் மூவாயிரம் பேர் முன்னால் அவள் பாட வேண்டும். அந்தச் சின்னப் புத்தகம் இவர் கையை விட்டு வராவிட்டால் விழாவும் இல்லை, இனி எந்த மேடையும் இல்லை.

கைபேசியில் படம் தெரியவில்லை, குரல் மட்டும்தான். யார் வீட்டு நிச்சயதார்த்தமோ, தேநீர்க் கோப்பைகளின் சத்தமும் பெண்களின் குலவையும் கேட்டன. நடுவில் ஒருத்தி தனியாக கொராசான் பக்கத்து நாட்டுப்பாட்டு ஒன்றைப் பாடினாள். கீத்தி பாடிப் பாடிப் பிரபலமாக்கிய பாட்டு. அதே இழுப்பு, அதே குழைவு. ஒரே வாரத்தில் டெஹ்ரான் முழுக்கப் பரவிவிட்டது. ஒரு பெண் தனியாகப் பாடியதை ஊரிலுள்ள ஆண்களெல்லாம் கேட்டாயிற்று. ஆண்கள் காதுபடப் பெண் தனியாகப் பாடக் கூடாது என்பது ஈரானில் சட்டம்; பாடியவளின் வாயை அடைக்க அது போதும்.

"நான் பாடலை சார்" என்று கீத்தி நான்கு தடவை சொல்லிவிட்டாள். நம்புகிற மாதிரி இல்லை என்பது அவளுக்கே தெரிந்தது.

இருபத்திரண்டு வருடமாகப் பாடுகிறாள். உள்ளூரில் என்றால் ஆண் பாடகர்களின் முதுகுக்குப் பின்னால் நின்று கோரஸ். இல்லாவிட்டால் பெண்கள் மட்டும் கூடும் கச்சேரி, அதுவும் கதவைச் சாத்திக்கொண்டு. தனிக்குரலில் எல்லோர் முன்னாலும் பாட வேண்டுமானால் எல்லை தாண்டித்தான் ஆக வேண்டும். அவள் மேடையில் தனியாகப் பாடிப் பெற்ற அப்பாவே பார்த்தது கிடையாது.

அந்தப் பயத்துக்கு நடுவிலும் அவளுக்குள் ஒரு குறும்பு எட்டிப் பார்த்தது.

"உங்க முன்னாடி நான் தனியாப் பாடலாமா சார்? அதுக்குத்தானே இந்த விசாரணையே?"

ரவூஃபியின் முகம் சிவந்தது. வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டார் மனிதர். மேலிடத்துக்குப் போன் போட்டார். மேலிடம் அதற்கும் மேலிடத்தைக் கேட்டது. முக்கால் மணி நேரம் கழித்து, பெண் அதிகாரி ஒருவர் பாட்டைக் கேட்டு எழுத்து மூலமாகச் சொல்லட்டும் என்று உத்தரவு வந்தது.

நொஸ்ரத்தி அம்மாவைக் கூப்பிட்டிருப்பதாக ரவூஃபி சொன்னதும் கீத்தியின் குறும்பு போன இடம் தெரியவில்லை.

வேறு யாராக இருந்தாலும் சமாளிக்கலாம். பெண்கள் கச்சேரிகளைக் கண்காணிக்க இலாகா அனுப்பும் ஆள் இந்த நொஸ்ரத்தி. ஒன்பது வருடமாகக் கீத்தியின் ஒரு கச்சேரியைக்கூட விட்டதில்லை. வாசலிலேயே எல்லோருடைய போனையும் வாங்கி வைத்துவிட்டு, தலையோடு உடம்பை மூடும் கறுப்புச் சாதரை இழுத்துப் போர்த்திக்கொண்டு முன்வரிசையில் உட்காருவாள். சிரிக்க மாட்டாள், கை தட்ட மாட்டாள். மடியில் நோட்டை வைத்து எழுதிக்கொண்டே இருப்பாள். போன வருடம் பின்னால் நாலு பெண்கள் எழுந்து ஆடினார்கள் என்பதற்காக, பாதிப் பாட்டில் விளக்கைப் போடச் சொல்லிக் கச்சேரியையே கலைத்த புண்ணியவதி. கீத்தியின் குரல் கீத்திக்கு எவ்வளவு தெரியுமோ அவ்வளவு அவளுக்கும் தெரியும்.

நொஸ்ரத்தி வந்தாள். ரவூஃபியை வெளியே அனுப்பினாள். வாசல் காவலரையும் கீழ்த்தளத்துக்குப் போகச் சொல்லிவிட்டு, கதவையும் ஜன்னலையும் சாத்தினாள்.

"பாடுங்க."

குரலை மாற்றிப் பாடிவிடலாமா என்று கீத்தி ஒரு கணம் யோசித்தாள். மாற்றினால் இவள் உடனே பிடித்துவிடுவாள். மாற்றாவிட்டால் பதிவில் இருப்பது போலவே இருக்கும். எப்படிப் பாடினாலும் ஆபத்துதான். ஆனது ஆகட்டும் என்று கண்ணை மூடி, முழுக் குரலெடுத்துப் பாடினாள்.

பாட்டு முடிந்ததும் நொஸ்ரத்தி கைபேசியை எடுத்தாள். பதிவை ஓடவிட்டவள் பாதியிலேயே நிறுத்தினாள். பிறகு ஒரு தாளை எடுத்து எழுதத் தொடங்கினாள். அந்தப் பேனா நகர நகர, வியன்னா கீத்தியை விட்டுத் தூரம் தூரமாகப் போனது. அழுகை முட்டியது. இவள் எதிரில் அழக்கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டாள்.

திரும்பி வந்த ரவூஃபி தாளை வாங்கி இரண்டு முறை படித்தார். 'பதிவிலுள்ள குரல் இவருடையது அல்ல' என்று எழுதியிருந்தது.

"நல்லாத் தெரியுமா? நாளைக்கு மேலேர்ந்து கேட்டா உங்க தலைதான் உருளும்."

"கையெழுத்துப் போட்டிருக்கேனே."

"அப்ப பாடினவ வேற எவளோ. விடமாட்டேன். வீடு வீடா ஏறி இறங்கியாவது பிடிச்சுடுவேன்."

"பிடிங்க" என்றாள் நொஸ்ரத்தி.

பாஸ்போர்ட் கைக்கு வந்ததும் கீத்தி அதைக் கைப்பைக்குள் பத்திரப்படுத்தினாள். மாடிப்படி வரை நொஸ்ரத்தியும் கூடவே நடந்தாள். அங்கே யாரும் இல்லாததால் கீத்தி மனம் பொறுக்காமல் கேட்டாள்.

"சத்தியமா நான் பாடலை. ஆனா கேட்டப்ப எனக்கே என் குரல் மாதிரிதான் இருந்துச்சு. நீங்க எப்படி அவ்வளவு உறுதியாச் சொன்னீங்க?"

நொஸ்ரத்தி படிக்கட்டை மேலும் கீழும் பார்த்தாள். சாதரை முகத்தருகே இழுத்துப் பிடித்துக்கொண்டு, ரகசியம் போலச் சொன்னாள்.

"கடைசி வரியில உச்சிக்குப் போற இடம், அந்தப் பதிவுல பிசிறடிக்குது. உங்களுக்கு ஒருநாளும் பிசிறடிச்சதில்லை. ஒம்பது வருஷமா உங்க முன்னாடி உக்காந்து எழுதி எழுதிக் கத்துக்கிட்டும், அந்த ஒரு இடம் மட்டும் எனக்கு வரவே மாட்டேங்குதும்மா."