கூரைப் பாலத்தில் செருப்புச் சத்தம்

திருமங்கலத்துக்குத் தெற்கே, கால்வாயின் மேல் ஓட்டுக்கூரை போட்ட பழைய மரப்பாலம். உச்சி வெயில் ஓட்டு இடுக்கில் நுழைந்து பலகையெங்கும் காசு காசாகக் கிடக்கிறது. சேரி ஆட்கள் இந்தக் கூரைக்குக் கீழே வெறுங்காலோடுதான் நடக்க வேண்டுமாம், ஊர்க் கட்டுப்பாடு. ராமக்காள் பழக்கத்தில் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொள்கிறாள். மகள் தங்கப்பொண்ணு கழற்றாமலே பாலத்தில் ஏறுகிறாள். டப், டப் என்று பலகை அதிர, கூரைப் புறாக்கள் படபடக்கின்றன. அக்கரையில் சுருட்டோடு நிற்கும் ஊர்க்காரர்கள் இருவர் திரும்பிப் பார்க்கிறார்கள். ராமக்காள் அவர்களைப் பார்க்கவில்லை. தலையைச் சாய்த்து அந்தச் சத்தத்தையே கேட்கிறாள். “நில்லுடி, நானும் வாரேன்.” செருப்பைப் பலகையில் போட்டுக் காலை நுழைக்கிறாள். ஓர் அடி வைத்து நிற்கிறாள். “அடியாத்தி, இம்புட்டுச் சத்தமா கேக்கும்?” என்று அடுத்த அடியை இன்னும் ஓங்கி வைக்கிறாள்.