ஸ்டாப்வாட்ச் நின்ற இடம்

"இந்த ஸ்டாப்வாட்ச் சார் மறுபடியும் அண்ணி முன்னாடியே வந்து நிக்கிறார் பாரு" என்று பல்லைக் கடித்தாள் மின்னல்.

மின்னல் என்பது தையல் கம்பெனியில் அவளுக்கு வைத்த பெயர். காலர் தைக்கும் லைனில் நாற்பது பேர். அவள் கைக்கு ஈடு கொடுக்க ஒருத்தி கிடையாது. அதில் அவளுக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு. இருக்கட்டுமே, உழைத்து வந்த பெருமைதானே.

பக்கத்து மிஷினில் அவளுடைய அண்ணன் மனைவி. போன வருஷம் டார்கெட்டை எட்டுகிற அவசரத்தில் ஊசி ஆள்காட்டி விரலில் இறங்கி, இன்றுவரை அந்த விரல் சரியாக மடங்காது. லைனிலேயே மெதுவாகத் தைப்பது அண்ணிதான்.

புது மாடல் சட்டை வரும்போதெல்லாம் ஸ்டாப்வாட்ச் சார் வருவார். யாராவது ஒருத்தர் முன்னால் நின்று, ஒரு காலர் தைக்க எத்தனை நொடி என்று குறித்துக்கொண்டு ஆபீசுக்குப் போவார். இந்த வருஷம் வந்த மூன்று மாடலுக்கும் அவர் அண்ணி முன்னால்தான் நின்றார். அவர் நின்றாலே அண்ணிக்குத் துணி நழுவும்.

"என்னை வீட்டுக்கு அனுப்பறதுக்குத்தான் குறிச்சுக்கறார் போல" என்றாள் அண்ணி, டீ நேரத்தில். "உங்க அண்ணன்கிட்ட எதுவும் சொல்லிடாதேம்மா. ரெண்டு பேர் வேலைக்குப் போயும் வீடு இழுத்துக்கோ பறிச்சுக்கோன்னு இருக்கு."

மின்னல் மீதி டீயைக் கீழே கொட்டிவிட்டு எழுந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை சங்கத்து அறையில் வகுப்பு. பாடம், இயக்கவியல் பொருள்முதல்வாதம். பெயரைச் சொல்லி முடிப்பதற்குள் ஒரு காலரே தைத்துவிடலாம். நடத்துபவர் அதே கம்பெனி மெக்கானிக். எண்ணெய்க் கறை படாத பக்கம் அவர் புத்தகத்தில் கிடையாது.

"முதலாளி வாங்கறது சட்டையை இல்ல, நம்ம நேரத்தை. வாங்கினதை எவ்வளவு பிழிய முடியுமோ பிழிவார். அவர் கெட்டவர்ங்கறதால இல்ல. பிழியலன்னா எதிர்க் கம்பெனிக்காரர் இவரை முழுங்கிடுவார். அதனால ஆளோட குணத்தைப் பாக்காதீங்க, அவர் நிக்கிற இடத்தைப் பாருங்க. இடம்தான் புத்தியைக் குடுக்குது."

"அப்போ ஸ்டாப்வாட்ச் சார்?" என்று கேட்டாள் மின்னல்.

"முதலாளி பக்கம்தான். நம்ம நொடியை எண்ணறதுதானே அவர் வேலை?" மெக்கானிக் அடுத்த பக்கத்தைப் புரட்டினார். "இன்னொண்ணு. எல்லாத்துக்குள்ளயும் அதுக்கு நேர் எதிரானதும் சேர்ந்தே இருக்கும். ரெண்டும் முட்டிக்கிறதாலதான் உலகமே நகருது."

"அவருக்குள்ளயுமா அண்ணே?"

மெக்கானிக் தலையைச் சொறிந்தார். "புத்தகத்துல அவ்வளவு விவரமாப் போடல தங்கச்சி."

எல்லோரும் சிரித்தார்கள். மின்னல் சிரிக்கவில்லை. பாடத்தின் முதல் பாதியே அவளுக்குப் போதுமானதாக இருந்தது.

செவ்வாய்க்கிழமை நான்காவது மாடல் வந்தது. ஸ்டாப்வாட்ச் சார் நேராக அண்ணி முன்னால் போய் நின்றார்.

மின்னல் மிஷினை நிறுத்திவிட்டு எழுந்தாள். "சார், இந்த லைன்ல வேற ஆளே இல்லையா? என் முன்னாடி வந்து நில்லுங்க. விரல் மடங்காதவங்கதான் உங்க கண்ணுக்குத் தெரியறாங்களா?"

மற்ற மிஷின்களும் நின்றுவிட்டன. "விடும்மா, விடு" என்று அண்ணி அவள் கையைப் பிடித்து இழுத்தாள்.

"இவங்களைத்தான் எடுப்பேன்" என்றார் சார். பட்டனை அழுத்தினார். "தைங்கம்மா, அவசரமே இல்ல."

அது கிண்டலாகத்தான் பட்டது மின்னலுக்கு. விறுவிறுவென்று மேனேஜர் அறையைப் பார்த்து நடந்தாள். இன்றைக்குச் சொல்லிவிடுவது, தன் வேலையே போனாலும் சரி.

மாடிப்படியில் மூச்சிரைக்க ஓடி வந்து வழியை மறித்தார் சார்.

"எங்கம்மா போறீங்க?"

"மேனேஜர்கிட்ட. வேணும்னே மெதுவாத் தைக்கிறவங்களாப் பாத்து நாலு தடவை எடுத்திருக்கீங்கன்னு சொல்லப் போறேன்."

"சொன்னா இன்னிக்கே என் சீட்டைக் கிழிச்சிடுவாங்க. அது பரவால்ல. நாளைக்கு என் இடத்துக்கு வர்றவர் உங்க முன்னாடி வந்து நிப்பார்."

"நிக்கட்டுமே. எனக்கென்ன பயமா?"

அவர் மேலேயும் கீழேயும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "நான் குறிக்கிற நொடியை வச்சுத்தான் நாற்பது பேருக்கும் டார்கெட் போடறாங்க. இந்த வருஷம் எல்லாரும் எழுந்து போய்த் தண்ணி குடிக்க முடியுதே, கவனிச்சீங்களா?"

உண்மைதான். மாடல் சுலபம் என்று எல்லோரும் நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

"இதை அண்ணிகிட்டயாவது சொல்லியிருக்கலாமே சார். வேலை போயிடும்னு பயந்து சாகறாங்க."

"தெரிஞ்சா, வேணும்னே இன்னும் மெதுவாத் தைப்பாங்கம்மா. நடிப்புன்னு மேனேஜர் கண்டுபிடிச்சிடுவார். அவங்க பயப்படறது எனக்கும் கஷ்டமாத்தான் இருக்கு."

"நீங்க அந்தப் பக்கத்து ஆளாச்சே சார். எங்களுக்காக எதுக்கு இவ்வளவு?"

சார் கையிலிருந்த ஸ்டாப்வாட்சைச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டார்.

"முன்னாடியெல்லாம் எனக்கு இது வெறும் நம்பர்தான். இருக்கறதுலேயே வேகமான ஆளை எடுன்னு ஆபீஸ்ல சொன்னாங்க, எடுத்தேன். மணிக்கு அறுபது காலரா இருந்த டார்கெட் எண்பதாச்சு. அந்த வாரம்தான் உங்க அண்ணி விரல்ல ஊசி இறங்குச்சு" என்றார். பிறகு, அவளுக்கு வலித்துவிடுமோ என்று பயந்தவர் போல மெதுவாகச் சொன்னார். "போன வருஷம் நான் நின்னது உங்க முன்னாடிம்மா."