நூற்று முப்பத்தெட்டு நாள் தாமதம்

“அந்த நூத்தி முப்பத்தெட்டு நாளும் எங்கம்மா இருந்தீங்க?” நீதிபதி மூன்றாவது முறையாகக் கேட்டார்.

மனு போட்ட அம்மாள் புடவைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வீடு தம்பிக்குத்தான் என்று கீழ்க்கோர்ட்டில் தீர்ப்பாகிவிட்டது. பிடிக்கவில்லையென்றால் கெடுவுக்குள் மேல்முறையீடு செய்திருக்க வேண்டும். இந்த அக்காவோ கெடு முடிந்து நூற்று முப்பத்தெட்டு நாள் கழித்து ஆடி அசைந்து வந்து, தாமதத்தை மன்னியுங்கள் என்கிறார்.

மன்னித்தால் வழக்குக்கு மறுபடி உயிர் வரும். தள்ளினால் அவர் குடியிருக்கும் வீட்டைக் காலி செய்துவிட்டுப் போக வேண்டியதுதான்.

இவ்வளவு பெரிய விஷயத்துக்கு மனுவில் எழுதியிருந்த காரணம் இரண்டே வார்த்தை. குடும்பச் சூழ்நிலை.

அந்த இரண்டு வார்த்தையை எழுதிக் கொடுக்க ஒரு வக்கீல் வேறு. அவர் ஃபைலைப் புரட்டிக்கொண்டே இருந்தார். புரட்டினால் இல்லாத காகிதம் வந்துவிடுமா?

நான் தம்பியின் வக்கீல். எழுந்தேன். ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் காரணம் சொல்லியாக வேண்டும், எங்கே இருந்தார் என்று அவர் வாயாலேயே சொல்லட்டும் என்றேன்.

பின்னாலிருந்து யாரோ என் கவுனை இழுத்தார்கள்.

யாரோ என்ன, என் கட்சிக்காரர்தான். ஆபரேஷன் ஆன உடம்பு என்று நீதிபதியிடம் கேட்டு அவருக்கு நாற்காலி வாங்கிக் கொடுத்திருந்தேன். அதில் பேசாமல் உட்கார வேண்டியதுதானே!

கையைத் தட்டிவிட்டு மேலே போனேன். ஊரில் இருந்தாரா, இல்லையா? யார் வீட்டில்? ஒரு சீட்டு, ஒரு ரசீது, ஏதாவது உண்டா?

மறுபடி இழுத்தார். இந்தத் தடவை கவுன் தோளிலிருந்தே நழுவியது. கட்சிக்காரர்கள் எல்லாருக்கும் இந்த வியாதி உண்டு. ஜெயிக்கிற நேரம் பார்த்துத்தான் அவர்களுக்குப் புதிதாக ஏதாவது ஞாபகம் வரும்.

அந்த அம்மாள் என்னைப் பார்க்கவே இல்லை. என்னைத் தாண்டி எங்கேயோ பார்த்துக்கொண்டிருந்தார். திமிர் என்று நினைத்தேன்.

“ஒண்ணுமில்லைங்க ஐயா. வீட்டு வேலை சரியா இருந்துச்சு,” என்றார் கடைசியில்.

வீட்டு வேலையாம்! எனக்குத் தலையில் அடித்துக்கொள்ளலாம் போலிருந்தது. நீதிபதிக்கும் அப்படித்தான் இருந்திருக்கும். மனு தள்ளுபடி என்று ஒரே வரியில் முடித்துவிட்டு அடுத்த வழக்குக் கட்டைப் பிரித்தார்.

அந்த அம்மாள் வெளியே போகும்போது நாற்காலிக்குப் பக்கத்தில் ஒரு விநாடி நின்றார். என் கட்சிக்காரர் தலையைக் குனிந்துகொண்டார்.

தாழ்வாரத்தில் வைத்து அவரைப் பிடித்துக்கொண்டேன். வாதம் நடக்கும்போது கவுனைப் பிடித்து இழுக்கிறீர்களே, கொஞ்சமாவது அறிவிருக்கிறதா என்று கேட்டே விட்டேன்.

அவர் கைக்குட்டையை எடுத்துக் கழுத்தைத் துடைத்துக்கொண்டார்.

“நீங்கபாட்டுக்கு எங்க இருந்தாங்க, எங்க இருந்தாங்கன்னு கேட்டுக்கிட்டே இருக்கீங்களே சார். ஆஸ்பத்திரியில தம்பியத்தான் பாத்துக்கிட்டு இருந்தேன்னு அக்கா சொல்லியிருந்தா, நம்ம கேஸ் என்ன ஆயிருக்கும்?”