நத்தைக்குக் கிடைத்த பரோல்

கோஸ் இலையைத் திருடித் தின்றதற்காக நத்தை மெய்யனுக்கு ஒரு வருடம் ஜெயில். அம்மாவுக்குக் கண்பார்வை மங்கிக்கொண்டே வருகிறது, அது முழுதாகப் போவதற்குள் ஒருமுறை பார்த்துவிட வேண்டும் என்று அவன் மூன்று நாள் பரோல் கேட்டான். 'தப்பியோடிவிட வாய்ப்புண்டு' என்று எழுதி மனுவைத் தள்ளிவிட்டது ஜெயிலர் நண்டு.

மெய்யனுக்கு அழுகையோடு சிரிப்பும் வந்தது. கோர்ட்டுக்குப் போனான்.

நீதிபதி யானை உத்தரவைப் படித்துவிட்டு, குனிந்து அவனைப் பார்த்தது. "இவனா ஓடுவான்?"

"முயலுக்கு எழுதினதைப் பார்த்து அப்படியே எழுதிட்டேங்க ஐயா," என்றது நண்டு.

"கேட்டது யாருன்னே பார்க்காம எழுதினா அது உத்தரவா? ரத்து பண்றேன். பரோல் கொடுக்கிறது உன் வேலைதான். ஆனா நாளைக்குள்ள இவன்கிட்ட விசாரிச்சு, யோசிச்சு, புதுசா எழுது."

அன்றுதான் நண்டு முதன்முதலாக மெய்யனின் முகம் பார்த்துப் பேசியது. "வீடு எங்கப்பா?"

"கிணத்துக்கு அந்தப் பக்கம்ங்க."

போகவர ஆகும் நாட்களைச் சேர்க்காமல் மூன்று நாள் கொடுத்தது.

மெய்யன் போய்ச் சேர்ந்தபோது அம்மாவுக்கு நிழலாகத்தான் தெரிந்தான். தடவிப் பார்த்து, "இளைச்சுட்டியேடா," என்றாள். நான்காம் நாள் விடிந்ததும் சொன்ன சொல் தவறாமல் கிளம்பிவிட்டான்.

ஜெயில் வாசலில் நண்டு நின்றிருந்தது. "உன் தண்டனை முடிஞ்சு பத்து நாளாச்சேப்பா!"

"வந்து சொல்லியிருக்கலாமே ஐயா?"

"சொல்லத்தான் கிளம்பினேன். எனக்கு நேரா நடக்க வராதே, குளத்தங்கரைக்குப் போயிட்டேன்."